ஆப்பரேட்டர் பாலையாவின் மூன்றாம் அங்கம்

1

போன வாரம் ஒரு காலை, எங்கள் மகள் மெர்சி பள்ளிக்கூடப் பையை மாட்டிக்கொண்டு வாசலில் நின்று, "போறேம்மா" என்றாள். என் கையிலிருந்த கரண்டி நழுவித் தரையில் விழுந்தது.

நம் ஊரில் யாராவது அப்படிச் சொல்லிவிட்டு வீட்டைவிட்டு இறங்குவார்களா? கடைத்தெருவுக்குப் போனாலும் கடல் தாண்டிப் போனாலும் "வாரேன்" என்றுதானே சொல்லுவோம். மெர்சிக்கு ஐந்து வயதாகும்போது இங்கிலாந்துக்கு வந்தோம். இப்போது எட்டு. இங்கிலீஷில் நினைத்துத் தமிழில் பேசுகிறாள். அதனால் அவளுடைய தமிழ், இரவல் சட்டை போட்டது மாதிரி அங்கங்கே தொங்குகிறது.

"ஏட்டி, வாரேன்னு சொல்லிட்டுப் போ" என்றேன்.

"நான் போறேன்தானம்மா? வாரேன்னு சொன்னா பொய்யில்லியா?"

அதற்குள் பஸ் வந்துவிட்டது. அவளும் போய்விட்டாள், பொய் சொல்லாமல்.

அதே வாரத்தில் இன்னொரு தலைவலி. என் வீட்டுக்காரர் தனராஜ் டாக்டர். இரண்டு வருட மேல்பயிற்சி என்று சொல்லித்தான் வந்தோம். அது மூன்றாகிவிட்டது. இப்போது ஆஸ்பத்திரியில், "நிரந்தரமாக இருந்துவிடுகிறீர்களா?" என்று கேட்டிருந்தார்கள். மாதக் கடைசிக்குள் சொல்லவேண்டியிருந்தது. ஸ்ரீவில்லிபுத்தூரில் என் அம்மாவும் அப்பாவும் தனியாக இருக்கிறார்கள். இங்கே நல்ல வேலை, நல்ல பள்ளிக்கூடம். தனராஜ் என் முகத்தைப் பார்ப்பார், நான் அவர் முகத்தைப் பார்ப்பேன். இரண்டு பேரும் சன்னலைப் பார்ப்போம். சன்னலுக்கு வெளியே பனிமூட்டம்தான் இருக்கும்.

யுத்தம் முடிந்தும் இங்கே இன்னும் ரேஷன்தான்; அட்டையைப் புதுப்பிக்கப் போன இடத்திலும் இதே கேள்வி. கண்ணாடிக்குப் பின்னால் இருந்த அம்மாள், "இருக்கப் போகிறீர்களா, திரும்பப் போகிறீர்களா?" என்று கேட்டாள். இன்னும் தெரியாது என்றேன். முத்திரை குத்திக் கொடுத்ததும் பழக்க தோஷத்தில் இங்கிலீஷிலேயே, "நான் வருகிறேன்" என்று சொல்லிவிட்டேன். அவள் மூக்குக்கண்ணாடியை இறக்கிப் பார்த்து, "நீங்கள் ஏற்கெனவே வந்தாயிற்றே, கண்ணே" என்றாள். வரிசையில் நின்றவர்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். வீட்டுக்கு வந்த பிறகு சிரிப்பு வரவில்லை.

2

இங்கிலாந்தில் நாங்கள் இருப்பது பஞ்சாலை ஊர். காலையில் ஆலைச் சங்கு ஊதும். அந்த நேரத்தில் கண்ணை மூடிக்கொண்டால் போதும், ஸ்ரீவில்லிபுத்தூருக்குப் பக்கத்து மில் ஊரான ராஜபாளையம் வந்துவிடும். இங்கே புகைபோக்கிகளைச் சுற்றும் பனி, அங்கே மழைக்காலத்தில் மேற்கு மலையிலிருந்து தோப்புகளுக்குள் இறங்கும் மேகமாகிவிடும். கொஞ்ச நேரத்துக்கு நான் எந்த ஊரிலும் இருக்கமாட்டேன். அது ஒரு சுகம்.

அப்படிக் கண்ணை மூடும்போது முதலில் தெரிவது ஒரு மாந்தோப்பு. உள்ளே ஓட்டு வீடு. வீட்டுக்குள் ஒரு பியானோ. எறும்பு ஏறாமல் இருக்க அதன் கால்களைத் தண்ணீர் ஊற்றிய எனாமல் கிண்ணங்களில் நிறுத்தியிருப்பார்கள். அதன் முன்னால் சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்பார் ஒரு ஹங்கேரிக்காரர்.

அவர் பெயர் பேலா. அவர்கள் நாட்டில் அது ராஜாக்கள் வைத்துக்கொண்ட பெயராம். நம் ஊரில் அது, குழந்தைகள் விடிந்ததும் கொல்லைப்பக்கம் போய்ச் செய்கிற காரியம். முதல்நாள் எங்கள் வீட்டுக்கு வந்து அவர் தன் பெயரைச் சொன்னபோது என் அம்மா முந்தானையை வாயில் அழுத்திக்கொண்டு சமையலறைக்கு ஓடினாள். திரும்பி வந்து, "இந்தப் பேரு இங்க ஆகாது. பாலையான்னு வச்சுக்கிடுங்க" என்றாள். அவரும் வைத்துக்கொண்டார். சாமி கும்பிடாமல், செலவில்லாமல் நடந்த பெயர்சூட்டு அது.

ஹங்கேரி, ஐரோப்பாவின் நடுவில் கடலே இல்லாத நாடு. அதன் தலைநகரில் பாலையா பேர் வாங்கிய மனிதர். பாட்டும் நடனமும் வேடிக்கைப் பேச்சும் கலந்த நாடகங்களுக்கு இசை எழுதினார். ஆப்பரெட்டா என்பார்கள். நம் ஊர் ஸ்பெஷல் நாடகத்துக்குக் கோட்டும் பூட்சும் போட்டுவிட்ட மாதிரி. ராஜபார்ட்டுக்குப் பதில் குதிரைப்படை வீரன், பபூனுக்கு அங்கேயும் பபூன். அவருடைய நாடகங்களிலெல்லாம் கதாநாயகியாகப் பாடியவள் இலோனா. அவருடைய மனைவி.

பிறகு அந்த நாட்டில் புதுச் சட்டங்கள் வந்தன. யூத வீட்டில் பிறந்தவர் நாடகக் கொட்டகையில் வேலை செய்வது முடியாமல் போயிற்று. பாலையா யூதர். பம்பாயில் ஒரு ஹோட்டலில் பியானோ வாசிக்கும் வேலை கிடைத்து வந்துவிட்டார். இலோனாவின் தாயார் படுக்கையில் இருந்ததால், அடுத்த கப்பலில் வருகிறேன் என்று அவள் தங்கினாள். அடுத்த கப்பலுக்குள் யுத்தம் வந்துவிட்டது. கொஞ்ச நாளில் ஹங்கேரியும் எதிரி நாடாகி, பாலையாவை முகாமில் வைத்தார்கள். அவரால் ஆபத்தில்லை என்று தெரிந்த பிறகு, யாராவது பொறுப்பேற்றால் வெளியே இருக்கலாம் என்றார்கள். ராஜபாளையத்தில் ஒரு ராஜு குடும்பம் தங்கள் பெண்களுக்காகப் பழைய பியானோ ஒன்றை ஏலத்தில் எடுத்து, வாசிக்க ஆளில்லாமல் வைத்திருந்தது. அவர்கள் பொறுப்பேற்றார்கள். இப்படித்தான் டான்யூப் நதிக்கரைக்காரர் மாந்தோப்புக்கு வந்து சேர்ந்தார்.

வாரம் ஒருதரம் ஸ்ரீவில்லிபுத்தூர் வந்து ஓர் அலுவலகத்தில் அவர் கையெழுத்துப் போடவேண்டும். எந்த அலுவலகம் என்று சொல்லமாட்டேன், நல்ல மனிதர்கள். அங்கே மொழிபெயர்க்க என் அப்பாவைக் கூப்பிட்டார்கள். அப்பா மிஷன் பள்ளியில் இங்கிலீஷ் வாத்தியார், வேதக்கோயிலில் ஆர்மோனியமும் வாசிப்பவர்.

"என்ன தொழில்?" என்று கேட்டார் குமாஸ்தா.

"ஆப்பரெட்டா" என்றார் பாலையா.

"ஆப்பரேட்டர்" என்று எழுதினார் குமாஸ்தா. "எந்த மில்லு, சார்வாள்?"

அப்பா திருத்துவதற்கு வாயைத் திறந்தாராம். அதற்குள் குமாஸ்தா, "ராஜபாளையம் ஆப்பரேட்டர்னா பட்டாளத்துத் துணிக்கான யுத்த வேலை. இவரை வேற ஊருக்கு மாத்த முடியாது" என்று சொல்லிக்கொண்டே முத்திரையைக் குத்திவிட்டார். அப்பா வாயை மூடிக்கொண்டார். தன் வாழ்க்கையில் ஒரு எழுத்துப்பிழையைத் திருத்தாமல் விட்டது அந்த ஒருமுறைதான் என்று பெருமையாகச் சொல்லுவார்.

3

அப்போது தனராஜ் யுத்த வேலையாக வெளியூரில் இருந்தார்; நான் கைக்குழந்தையோடு அம்மா வீட்டில். ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்து சாப்பிட்டதும் அப்பா, அம்மா, நான் மூன்று பேரும், இடுப்பில் மெர்சியோடு, ராஜபாளையம் போவோம். பெட்ரோல் கிடைக்காத காலம். கரியை எரித்து ஓடும் பஸ், மேட்டில் ஏறமாட்டேன் என்று நின்றுவிடும். டிரைவர் இறங்கி நெருப்பைக் கிளறும்வரை நாங்கள் புளியமரத்தடியில் நிற்போம். போய்ச் சேர்ந்ததும் வீட்டுக்கார அம்மாள், "ரண்டி, ரண்டி" என்று தெலுங்கில் வரவேற்பார். அம்மா தமிழில் பதில் சொல்லுவாள். பாலையா ஹங்கேரி மொழியில் ஏதோ சொல்லுவார். அப்பா இங்கிலீஷில் எல்லோரையும் கட்டி மேய்ப்பார்.

அந்தச் சாயங்காலங்கள் நடந்தனவா, நான் கண்ட கனவா என்று இங்கே சில நாள் சந்தேகம் வந்துவிடுகிறது. சன்னல் வழியாக மாம்பூ வாசனை வரும். தோப்பு நாய் வாசலில் படுத்து ஒரு காதை மட்டும் தூக்கி வைத்துக்கொண்டிருக்கும். அவர் வால்ட்ஸ் வாசிப்பார். ஒன்று கனமாக, இரண்டும் மூன்றும் லேசாக. தொட்டிலை ஒரு தள்ளு தள்ளிவிட்டு அது தானாக ஆடுவதைப் பார்த்துக்கொண்டிருப்பது போல. மழைக்காலத்தில் கட்டைகள் ஊறிப்போய், அழுத்தினால் எழும்பாது. அந்தச் சுரங்களை அவர் வாயால் பாடிக்கொள்வார்.

அவர் அங்கேயும் ஒரு ஆப்பரெட்டா எழுதிக்கொண்டிருந்தார். இசை எழுதுவதற்கான தாள் கிடைக்கவில்லை. பழைய பரீட்சைத் தாள்களின் பின்பக்கத்தில் அப்பா ஸ்கேல் வைத்து ஐந்து ஐந்தாகக் கோடு போட்டுக் கொடுப்பார். முன்பக்கம் அக்பரின் ஆட்சிமுறை, பின்பக்கம் ஹங்கேரி நடனம். திரை தூக்குமுன் வாசிக்கிற முகப்பு இசையைத்தான் கடைசியில் எழுதவேண்டுமாம். எல்லாம் நடந்து முடிந்தால்தானே முன்னுரை எழுதமுடியும் என்பார்.

கதையை அப்பா அம்மாவுக்குச் சொன்னார். முதல் அங்கத்தில் காதல். இரண்டாம் அங்கக் கடைசியில், ஏதோ ஒரு தப்பர்த்தத்தால் இரண்டு பேரும் பிரிந்துவிடுவார்கள். அங்கேதான் பெரிய பாட்டு. மூன்றாம் அங்கத்தில் சேர்ந்துவிடுவார்கள்.

"அந்தப் பிள்ள வாயத் தொறந்து ஒரு வார்த்தை சொல்லியிருந்தா மொதலாம் அங்கத்துலயே முடிஞ்சிருக்குமே" என்றாள் அம்மா.

அப்பா மொழிபெயர்த்தார். பாலையா விழுந்து விழுந்து சிரித்தார். "அம்மா சொல்வது சரி. ஆனால் ஜனங்கள் காசு கொடுப்பது இரண்டாம் அங்கத்துக்கு" என்றார். பிறகு, "மூன்றாம் அங்கம் எப்போதும் சின்னதுதான். ஆனால் அது இல்லாமல் யாரும் வீட்டுக்குப் போகமாட்டார்கள்" என்றார். அவருடைய மூன்றாம் அங்கத் தாள்கள் வெறும் கோடுகளாகவே கிடந்தன. அப்பா போட்டுக் கொடுத்த கோடுகள்.

இலோனாவிடமிருந்து ஒரு சேதியும் இல்லை. அவளைப்பற்றி நாங்கள் கேட்கமாட்டோம். தபால்காரர் சைக்கிள் மணி தோப்பு வாசலில் கேட்டால், அவர் விரல்கள் கட்டைமேல் அப்படியே நிற்கும். அதைப் பார்த்தவர்களுக்குக் கேட்க ஒன்றுமில்லை.

நாங்கள் முதன்முறை அவர் வீட்டுக்குப் போய்விட்டுக் கிளம்பும்போது நடந்ததைச் சொல்லவேண்டும். அம்மா எழுந்து, சேலையை உதறிக்கொண்டு, அவரைப் பார்த்துத் தமிழில், "அப்ப நாங்க வாரோம்" என்றாள்.

அவர் முகம் வெளுத்துவிட்டது. "இவர்கள் யாருக்காகக் காத்திருக்கிறார்கள்?" என்று அப்பாவிடம் கேட்டார்.

அப்பாவுக்கு ஒன்றும் விளங்கவில்லை. விசாரித்துப் பார்த்தால், ஹங்கேரி மொழியிலும் அந்த வார்த்தை இருக்கிறதாம். வாரோம். கடைசியை மட்டும் சற்றுக் குறுக்கிச் சொல்லுவார்கள். அதற்கு, 'அவளுக்காகக் காத்திருக்கிறேன்' என்று பொருளாம். யாருக்காகவோ அவருக்காக.

"எங்கள் மொழியில், நாங்கள் வருகிறோம் என்று பொருள்" என்றார் அப்பா.

"ஆனால் நீங்கள் போகிறீர்களே."

"ஆமாம். நாங்கள் அப்படித்தான் போவோம்."

பாலையா நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். அம்மாவுக்கு அப்பா விளக்கினார். அவள், "காத்துக்கிட்டு இருக்கிறவுகளுக்கும் வாறவுகளுக்கும் ஒரே வார்த்தையா? நல்லாத்தான வச்சிருக்காவ" என்றாள். பிறகு அவரைப் பார்த்து, குழந்தைக்குச் சொல்லுவது போல, "வருவாவ, அய்யா. செத்த பொறுங்க" என்றாள். இதை அப்பா மொழிபெயர்க்கவில்லை. தேவைப்படவில்லை.

அன்றிலிருந்து அது அவர்களுக்குள் ஒரு விளையாட்டாகிவிட்டது. கிளம்பும்போது படியில் நின்று அம்மா, "வாரோம்" என்பாள், தமிழில். அவர் வாசல் தூணைப் பிடித்துக்கொண்டு, "வாரோம்" என்பார், ஹங்கேரி மொழியில். எங்கள் தலை மறையும்வரை நிற்பார்.

4

இரண்டாம் அங்கத்தின் பெரிய பாட்டு முடிந்தபோது, அதை ஒருதரம் கேட்கவேண்டும் என்று ராஜு வீட்டில் ஆசைப்பட்டார்கள். எங்கள் கோயில் பாடகர் குழுவைப் பஸ்ஸில் ஏற்றிக்கொண்டு போனோம். நானும் அதில் ஒருத்தி. பாலையா எங்களைக் கூடத்தின் கதவுக்குப் பின்னால் நிறுத்தினார். நாங்கள் பாடவேண்டியது ஒரே ஒரு வார்த்தை. வாரோம்.

கூடம் நிறைய ஆட்கள். கையெழுத்து வாங்கும் குமாஸ்தாகூட, தன் ஆப்பரேட்டர் எந்த மெஷினை ஓட்டுகிறார் என்று பார்க்க வந்து முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார்.

பாலையா வாசிக்க ஆரம்பித்தார். இடது கை வால்ட்ஸ் போட்டுக்கொண்டே இருந்தது. ஆனால் மேலே பாட்டு இல்லை. கதாநாயகி பாடவேண்டிய இடத்தை அவர் காலியாக விட்டிருந்தார். தலையை ஒருபக்கம் சாய்த்து, அந்தக் காலி இடத்தைக் கேட்டுக்கொண்டே வாசித்தார். அது முடியும் இடத்தில் எங்களுக்குத் தலையை அசைப்பார். கதவுக்குப் பின்னாலிருந்து நாங்கள், "வாரோம்" என்று பாடுவோம். மறுபடி காலி இடம். மறுபடி நாங்கள்.

குமாஸ்தா திரும்பி என் அம்மாவிடம் மெதுவாகக் கேட்டார். "பாடுதவுக எங்கம்மா?"

"வந்துக்கிட்டு இருக்காவ" என்றாள் அம்மா.

குமாஸ்தா திரும்பி நேராக உட்கார்ந்துகொண்டார். கடைசி 'வாரோம்' என்னால் பாடமுடியவில்லை.

யுத்தம் முடிந்து அனுமதி கிடைத்ததும் அவர் கிளம்பினார். அப்போதும் சேதி இல்லை. தேடித்தான் போனார். பரீட்சைத் தாள் கட்டை மார்போடு பிடித்துக்கொண்டு ராஜபாளையம் ஸ்டேஷனில் ரயில் ஏறினார். அதன்பிறகு அவரைப்பற்றி எங்களுக்கு ஒன்றும் தெரியாது. அடுத்த வருடம் எங்களுக்கும் கப்பல் சீட்டு வந்துவிட்டது.

5

மெர்சி "போறேன்" என்று சொன்ன அதே நாள் சாயங்காலம். தனராஜ் இன்னும் வரவில்லை. மெர்சி ரேடியோவின் குமிழைத் திருகிக்கொண்டிருந்தாள். இரைச்சல், யாரோ ஜெர்மன் பேசுவது, மறுபடி இரைச்சல். அலைகளுக்கு நடுவிலிருந்து ஒரு வால்ட்ஸ் எழுந்தது. ஒன்று கனமாக, இரண்டும் மூன்றும் லேசாக.

"திருகாத" என்றேன்.

ஒரு பெண் பாடினாள். இளமையான குரல் இல்லை. உயரே போகும்போது கொஞ்சம் நடுங்கிற்று. ஆனால் அந்தப் பாட்டில் அவள் எங்கே மூச்சு வாங்குவாள், எங்கே நிறுத்துவாள் என்று எனக்குத் தெரிந்திருந்தது. அந்தக் காலி இடத்தின் நீளம் எனக்கு மனப்பாடம். அதற்குள் அவள் அச்சாகப் பொருந்தினாள். அவள் நிறுத்திய இடத்தில், தூரத்திலிருந்து, ஒரு கூட்டம் பாடிற்று. வாரோம்.

நான் எழுந்து நின்றுவிட்டேன். "மெர்சி, தமிழ்! தமிழ்ல பாடுதாவ!" என்று கத்தினேன்.

"அது தமிழ் இல்லம்மா, வேற ஏதோ" என்றாள்.

பாட்டு முடிந்து அறிவிப்பாளர் அவசரமாக ஏதோ சொன்னார். இரைச்சலுக்கு நடுவே ஒரு பெயர் மட்டும் எனக்குக் கேட்டது. இலோனா.

தனராஜ் வந்ததும் சொன்னேன். "அந்த நாட்டுல இலோனான்னு தெருவுக்கு நாலு பேரு இருப்பாவ" என்றார். இருக்கட்டும். தெருவுக்கு நாற்பது பேர் இருந்தாலும் அந்தக் காலி இடம் ஒரே ஒருத்தியின் அளவுக்குத்தான் வெட்டப்பட்டது. அவள் உயிரோடு இருக்கிறாள். அவர் அவளைக் கண்டுபிடித்துவிட்டார். மூன்றாம் அங்கத்தை எழுதிவிட்டார். இதை நான் நம்புகிறேன், யாரும் என்னிடம் வாதாட வரவேண்டாம்.

அன்று படுத்தும் அந்தப் பாட்டு உள்ளே ஆடிக்கொண்டே இருந்தது. அதோடு சேர்ந்து இன்னொன்றும் வந்தது.

நாங்கள் கப்பலேறக் கிளம்பிய நாள், ஸ்ரீவில்லிபுத்தூர் ஸ்டேஷன். அப்பா தனராஜோடு பெட்டிகளை எண்ணிக்கொண்டிருந்தார். அம்மா சன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு பிளாட்பாரத்தில் நின்றாள். வண்டி அசைந்தது. "வாரோம்மா" என்றேன். அவள் "போயிட்டு வாங்க" என்று சொல்லவில்லை. என்னையே பார்த்துக்கொண்டு, "வாரோம்" என்றாள்.

நிற்கிறவள் எதற்கு வாரோம் என்று சொல்லவேண்டும்? அழுகையில் வாய் தவறிவிட்டது, தானும் கூட வருவதாக நினைத்துக்கொண்டாள் என்று நினைத்தேன். தனராஜும் அப்படித்தான் சொன்னார். பாவம் அம்மா என்று மூன்று வருடமாக அந்த வார்த்தையை அவளுடைய தவறாகவே பத்திரப்படுத்தி வைத்திருந்தேன்.

அம்மாவுக்கு வாய் தவறவில்லை. அன்றைக்கு அவள் ஹங்கேரி மொழியில் பேசினாள்.

6

மறுநாள் தனராஜிடம் சொன்னேன். அவர் காபிக் கோப்பையைக் கீழே வைத்துவிட்டு, "நீ சொல்லுவேன்னுதான் நானும் பாத்துக்கிட்டே இருந்தேன்" என்றார். ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் முதல் அங்கத்திலேயே முடிந்திருக்கும். அன்றே ஆஸ்பத்திரியில் பதில் சொல்லிவிட்டார்.

அப்பா, நான் இதை எழுதி அனுப்புகிற இந்தப் பத்திரிகை உங்களுக்கு வந்ததும் அம்மாவை உட்காரவைத்து உரக்க வாசித்துக் காட்டுங்கள். அவள் பெயர்சூட்டு நடத்திய இடத்தில் மறுபடி சிரிப்பாள், சிரித்து முடிக்கட்டும். பிறகு மெதுவாக இதை வாசியுங்கள்.

அம்மா, அன்று பிளாட்பாரத்தில் நீ சொன்னது இப்போதுதான் விளங்கியது. பதில் சொல்லத் தாமதமாகிவிட்டது. வாரோம்.

இதைத் தமிழில் சொல்லுகிறேன்.